கேஸ் டிஃபால்ட்ல டிஸ்மிஸ் ஆயிடுச்சா? முதல் 30 நாளுக்குள்ள என்ன பண்ணணும்

நான் வக்கீல் இல்லைங்க, வக்கீல் குமாஸ்தா. கேஸ் கட்டைத் தூக்கிக்கிட்டு முன்சீப் கோர்ட்டுக்கும் சப் கோர்ட்டுக்கும் நடந்தே செருப்பு தேஞ்ச ஆளு. ஆபீஸுக்கு வந்து "கேஸ் தோத்துப் போச்சு சார், மேல அப்பீல் போகணும்"னு கண் கலங்கி உக்கார்றவங்க கிட்ட பேப்பரை வாங்கிப் பார்த்தா, பல சமயம் அது தோல்வியே இல்ல. டவாலி மூணு தடவை பேரைக் கூப்பிட்டிருப்பார், வாதியும் வரல வக்கீலும் வரல, "நோ ரெப்ரசென்டேஷன், சூட் டிஸ்மிஸ்டு ஃபார் டிஃபால்ட்"னு டாக்கெட்ல ரெண்டு வரி எழுதி கட்டை கீழ வெச்சிருப்பாங்க, அவ்ளோதான். நிலம் யாருது, பணம் யார் தரணும், எதையும் ஜட்ஜ் இன்னும் தொடவே இல்ல. சிவில் ப்ரொசீஜர் கோட்ல (1908-ல வந்த சட்டம்) டிக்ரின்னா (வழக்கை முடிவு பண்ற தீர்ப்பாணை) என்னன்னு சொல்ற செக்ஷன் 2(2)-லயே, டிஃபால்ட்ல தள்ளுபடி பண்ற உத்தரவு டிக்ரி ஆகாதுன்னு எழுதியிருக்கு. டிக்ரி இல்லன்னா அதுக்கு அப்பீலும் கிடையாது. அப்போ வழி என்னன்னா, அதே கோர்ட்டுக்குத் திரும்பிப் போய் "கேஸை மறுபடி ஃபைலுக்கு எடுங்கய்யா"ன்னு மனு போடறதுதான், அதைத்தான் ரெஸ்டோரேஷன் பெட்டிஷன்னு சொல்றாங்க.

புதுசா இந்தச் சிக்கல்ல மாட்டினவங்களுக்காக நான் பார்த்த வரைக்கும் எழுதறேன். உங்க கேஸோட நெளிவு சுளிவு உங்க வக்கீலுக்குத்தான் தெரியும், இதைப் படிச்சிட்டு அவர் கிட்ட சரியான கேள்வி கேக்க முடிஞ்சா போதும்.

முதல் வேலை: உத்தரவுல என்ன எழுதியிருக்குன்னு பாருங்க

வக்கீல் வாயால சொன்னதை நம்பி உக்காராதீங்க, எதிர் பார்ட்டி டீக்கடையில சொன்னதை சுத்தமா நம்பாதீங்க. இ-கோர்ட்ஸ் ஆப்ல உங்க சி.என்.ஆர். நம்பரைப் போடுங்க, அது 16 எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு நம்பர், தெரியலைன்னா பார்ட்டி பேரைப் போட்டும் தேடலாம். கேஸ் முடிஞ்சதுன்னு காட்டினா எந்தத் தேதியில, எப்படி முடிஞ்சதுன்னு அதுலயே இருக்கும். ஆனா ஆப்ல இருக்கறது ஒரு வரி தான், அதுக்குப் பின்னாடி இருக்கற உத்தரவை முழுசாப் படிக்கணும், அதனால அன்னைக்கே காப்பி அப்ளிகேஷன் போட்டுடுங்க. காப்பி கைக்கு வர்ற வரைக்கும் சும்மா இருக்கணும்னு அர்த்தம் இல்ல, அதைக் கீழ சொல்றேன்.

உத்தரவைப் படிக்கறப்ப ஒரே ஒரு விஷயத்தைத் தேடுங்க: அன்னைக்கு எதிர் தரப்பு ஆஜர் ஆனாங்களா இல்லையா?

ரெண்டு பக்கமும் யாருமே வரலன்னா அது அதே சிவில் ப்ரொசீஜர் கோட்ல ஆர்டர் 9 ரூல் 3. இதுல உங்களுக்கு ரெண்டு கதவு திறந்திருக்கு. ரூல் 4 படி பழைய கேஸை ஃபைலுக்கு எடுக்கச் சொல்லலாம், இல்லன்னா காலக்கெடு இன்னும் மிச்சம் இருந்தா புதுசாவே கேஸ் போடலாம். சம்மன் அனுப்ப பேட்டா (கோர்ட்ல கட்ட வேண்டிய அனுப்பு செலவு) கட்டாம விட்டதால தள்ளுபடி ஆனாலும் (அது ரூல் 2) இதே ரூல் 4 தான். இந்தப் பேட்டா விஷயம் கேக்க சின்னதா இருக்கும், ஆனா கேஸ் போட்டு மூணாம் மாசமே எத்தனை கேஸ் இதுல விழுது தெரியுமா, பார்ட்டி வக்கீல் கட்டிட்டார்னு நினைப்பார், வக்கீல் குமாஸ்தா கட்டிட்டான்னு நினைப்பார், குமாஸ்தா பார்ட்டி பணமே தரலையேன்னு நினைப்பான். (ஆமா, நானும் நினைச்சிருக்கேன்.) சம்மன் சர்வ் ஆகாம திரும்பி வந்தும் 7 நாளுக்குள்ள புது சம்மனுக்கு மனு போடாம விட்டா ரூல் 5-ல போகும்.

பிரதிவாதி வந்து நின்னு, நீங்க மட்டும் வரலன்னா அது ரூல் 8. இது கொஞ்சம் ஆபத்தான ரகம். ஏன்னா ரூல் 9 படி அதே காரணத்தை வெச்சு இன்னொரு கேஸ் போட முடியாது, பழைய கேஸை உயிர்ப்பிச்சே ஆகணும். பாகப்பிரிவினை மாதிரி, சொத்து பொதுவுல இருக்கற வரைக்கும் கேக்கற உரிமை தொடர்ந்துக்கிட்டே இருக்கற கேஸ்ல இந்தத் தடை அப்படியே பொருந்தாதுன்னு தீர்ப்புகள் இருக்கு, ஆனா அதை நம்பி ரெஸ்டோரேஷனை விட்டுடறது புத்திசாலித்தனம் இல்லன்னு தான் நான் சொல்வேன்.

இன்னும் ரெண்டு உத்தரவு இருக்கு, பார்க்க டிஃபால்ட் மாதிரியே இருக்கும், ஆனா அது வேற. ஒண்ணு, உங்க வக்கீல் கோர்ட்ல இருந்தார், சாட்சி சொல்லத்தான் யாரும் வரல, வாய்தா மேல வாய்தா வாங்கி ஜட்ஜ் சலிச்சுப் போய் "சாட்சியம் இல்ல, வழக்கு நிரூபிக்கப்படல"ன்னு தீர்ப்பே எழுதிட்டார்னா அது ஆர்டர் 17 ரூல் 3 வகையறா. அது டிக்ரி, அதுக்கு அப்பீல் தான். இதுக்குப் போய் ரெஸ்டோரேஷன் போட்டா அப்பீல் டைமும் போயிடும். சட்டப்படி ஒரு தரப்புக்கு விசாரணையில மூணு வாய்தாவுக்கு மேல கிடையாதுன்னு 2002-ல இருந்து இருக்கு, நடைமுறையில அதுக்கு மேலயும் கிடைக்குதேன்னு அசால்ட்டா இருந்தவங்க தான் இதுல மாட்டறாங்க. இன்னொண்ணு, வாதியோ பிரதிவாதியோ இறந்து போய் 90 நாளுக்குள்ள வாரிசுகளைச் சேர்க்காம விட்டா கேஸ் அபேட் ஆகும், அதாவது தானாவே அத்துப் போயிடும், அதுக்கு ஆர்டர் 22-ல தனி மனு, தனி கணக்கு (அபேட்மென்ட்டை ரத்து பண்ண 60 நாள்).

ரெண்டாவது: நாளை எண்ணுங்க, விரல் விட்டு எண்ணுங்க

லிமிட்டேஷன் ஆக்ட் 1963, ஆர்ட்டிகிள் 122. டிஃபால்ட்ல தள்ளுபடி ஆன சூட்டையோ அப்பீலையோ ஃபைலுக்கு எடுக்க 30 நாள். எந்தத் தேதியில இருந்துன்னா, தள்ளுபடி ஆன தேதியில இருந்து. உங்களுக்குத் தெரிஞ்ச தேதியில இருந்து இல்ல! இதைத்தான் எல்லாரும் தப்பா புரிஞ்சுக்கறாங்க. எக்ஸ்பார்ட்டி டிக்ரியை (பிரதிவாதி வராததால ஒருதலையா ஆன டிக்ரி) ரத்து பண்ற மனுவுல (அது ஆர்ட்டிகிள் 123) சம்மன் ஒழுங்கா சர்வ் ஆகலன்னா தெரிய வந்த நாள்ல இருந்து எண்ணலாம்னு சலுகை இருக்கு, கேஸ் போட்டவருக்கு அந்தச் சலுகை இல்ல, உங்க கேஸ் உங்களுக்குத் தெரியணும்னு சட்டம் எதிர்பார்க்குது.

அடுத்த தப்பு காப்பிக்காகக் காத்திருக்கறது. அப்பீலுக்குக் காப்பி வாங்கற நாளைக் கழிச்சுக்கலாம்னு செக்ஷன் 12-ல இருக்கு, அதைக் கேள்விப்பட்டு இதுக்கும் கழிக்கலாம்னு நினைச்சுடறாங்க. அப்பீல், ரிவிஷன், ரிவ்யூ, இப்படி ஒரு பட்டியல் அங்க இருக்கு, ரெஸ்டோரேஷன் மனு அந்தப் பட்டியல்ல இல்ல. அதனால காப்பி வரட்டும் வராம போகட்டும், 30 நாள் ஓடிக்கிட்டே இருக்கும், மனுவைப் போட்டுடுங்க.

30-வது நாள் கோர்ட் லீவுன்னா, திறக்கற அன்னைக்குப் போட்டா சரி (செக்ஷன் 4). மே மாச லீவுல 30-வது நாள் விழுந்தா ஜூன்ல கோர்ட் திறந்த முதல் நாளே கவுன்டர்ல நிக்கணும், மறுநாள் போனா செல்லாது.

30 தாண்டிடுச்சுன்னா முடிஞ்சதா? இல்ல. செக்ஷன் 5-ல தாமதத்தை மன்னிக்கச் சொல்லி இன்னொரு மனு, அதாவது ரெண்டு மனு ரெண்டு அஃபிடவிட் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்). இதுல நாள் கணக்கு சரியா இருக்கணும், ஒரு நாள் தப்பானாலும் மனுவை சரி பார்க்கற கோர்ட் ஆபீஸ் செக்ஷன்ல பேப்பரை ரிட்டர்ன் பண்ணுவாங்க. உதாரணத்துக்கு மார்ச் 3 தள்ளுபடின்னு வெச்சுக்கோங்க. அந்த நாளை விட்டுட்டு எண்ணினா ஏப்ரல் 2 தான் 30-வது நாள். நீங்க ஜூன் 20 மனு போடறீங்கன்னா தாமதம் ஏப்ரல் 3-ல இருந்து ஆரம்பிக்குது, ஏப்ரல்ல 28, மே 31, ஜூன் 20, மொத்தம் 79 நாள். மே மாசம் கோர்ட் லீவு தானேன்னு 31-ஐ கழிச்சா தப்பு, கெடு முடிஞ்சப்புறம் வர்ற லீவு கணக்குல கழியாது.

மூணாவது: அஃபிடவிட், மனுவோட உயிரே இதுலதான்

கோர்ட் கேக்கற கேள்வி ஒண்ணே ஒண்ணு: கேஸ் கூப்பிட்ட அந்த ஒரு நாள் நீங்க ஏன் வரல? "போதுமான காரணம்" இருந்தா ரெஸ்டோர் பண்ணணும்னே ரூல் 9 சொல்லுது. உங்க கேஸ் எவ்வளவு நியாயமானது, பங்காளி உங்க தாத்தா காலத்துல இருந்து என்ன அக்கிரமம் பண்ணினார், இதெல்லாம் பத்து பக்கம் எழுதிக்கிட்டு வர்றவங்க இருக்காங்க, அதை ஜட்ஜ் இப்ப படிக்க மாட்டார். அன்னைக்கு எங்க இருந்தீங்க, அதுதான். அதே மாதிரி எதிர் தரப்பு "இவர் போன வருஷமும் நாலு வாய்தா வரல"ன்னு கவுன்டர்ல (பதில் மனுவுல) எழுதுவாங்க. தள்ளுபடி ஆன தேதியில வராததுக்கு என்ன காரணம்னு தான் முக்கியமா பார்க்கணும், பழைய வாய்தாவை எல்லாம் இழுக்கக் கூடாதுன்னு சுப்ரீம் கோர்ட் 2000-ல எக்ஸ்பார்ட்டி டிக்ரி சம்பந்தமான ஒரு வழக்குல சொல்லியிருக்கு, உங்க வக்கீலுக்கு அது தெரிஞ்சிருக்கும், ஞாபகப்படுத்துங்க.

காரணம் எதுவானாலும் உண்மையா இருக்கட்டும். எங்க பக்கத்து கோர்ட்டுங்கள்ல ஒரு ஜோக் உண்டு, தமிழ்நாட்டுல கேஸ் டிஸ்மிஸ் ஆன அத்தனை பேருக்கும் மஞ்சள் காமாலை வந்திருக்கும், அத்தனை பேரும் நாட்டு வைத்தியம் தான் பார்த்திருப்பாங்க, ஏன்னா நாட்டு வைத்தியர் சர்டிஃபிகேட் தர மாட்டார் பாருங்க. ஜட்ஜுங்களும் இதைப் படிச்சுப் படிச்சு அலுத்துட்டாங்க. நிஜமாவே காமாலை வந்தவன் கூட இப்ப அதை எழுதக் கூச்சப்படணும் போல இருக்கு. பொய்யா மெடிக்கல் சர்டிஃபிகேட் வெச்சா, எதிர் வக்கீல் உங்களைக் கூண்டுல ஏத்தி "எந்த ஆஸ்பத்திரி, எத்தனை நாள் பெட்ல இருந்தீங்க, மருந்துச் சீட்டு எங்க"ன்னு கேக்க ஆரம்பிச்சா அங்கயே கதை கந்தலாயிடும். அதுக்குப் பதிலா "வாய்தா தேதியைத் தப்பா குறிச்சுட்டேன், 14-க்குப் பதில் 24-னு எழுதி வெச்சிருந்தேன்"னு சொல்லி அந்த டைரிப் பக்கத்தையே ஜெராக்ஸ் எடுத்து வெச்சீங்கன்னா அதுக்கு இருக்கற மதிப்பே தனி.

வக்கீல் வரலன்னா? இது தான் நிறைய பேரோட கதை. பார்ட்டி ஃபீஸ் கொடுத்துட்டு ஊர்ல நம்பிக்கையா இருந்திருப்பார், வக்கீல் வேற கோர்ட்ல மாட்டியிருப்பார். வக்கீல் செய்த தப்புக்கு அப்பாவி பார்ட்டி கஷ்டப்படக் கூடாதுன்னு சுப்ரீம் கோர்ட் 1981-லயே சொல்லியிருக்கு. ஆனா அதையே மந்திரம் மாதிரி சொன்னா எடுபடாது, "நீங்க இந்த ரெண்டு வருஷத்துல வக்கீலை எத்தனை தடவை போய்ப் பார்த்தீங்க"ன்னு ஜட்ஜ் திருப்பிக் கேப்பார். போன்ல பேசினது, வாட்ஸ்அப் மெசேஜ், ஃபீஸ் அனுப்பின ஜிபே விவரம், எது இருந்தாலும் எடுத்து வைங்க. அந்த வக்கீலே "என் தப்புதான்"னு ஒரு அஃபிடவிட் கொடுத்தா பாதி வேலை முடிஞ்சது, பெரிய மனசு உள்ளவங்க கொடுப்பாங்க, கேட்டுப் பாருங்க, சண்டை போட்டுட்டு கேக்காதீங்க.

நம்மூர் வழக்கு ஒண்ணு இங்க சொல்லணும். ஒருத்தர் மேல எக்ஸ்பார்ட்டி டிக்ரி ஆகுது, அதை ரத்து பண்ண மனு போடறார், அந்த மனுவே டிஃபால்ட்ல தள்ளுபடி ஆகுது, வக்கீல் சொல்லவே இல்ல, இவர் திரும்பி வர்றப்ப தாமதம் 883 நாள். கீழ் கோர்ட் மன்னிச்சது, ஹைகோர்ட் அதை ரத்து பண்ணிச்சு, 1998-ல சுப்ரீம் கோர்ட் 10,000 ரூபாய் காஸ்ட் (எதிர் தரப்புக்கான செலவுத் தொகை) கட்டச் சொல்லி அவர் பக்கம் தீர்ப்பு சொன்னது. எத்தனை நாள் தாமதம்னு பார்க்காதீங்க, விளக்கம் ஏத்துக்கற மாதிரி இருக்கான்னு பாருங்கன்னு அதுல சொன்னாங்க. அந்த மனுஷன் வக்கீல் மேல நுகர்வோர் மன்றத்துக்குப் போய் நஷ்டஈடும் வாங்கினார், ஆனா 2024 மே மாசம் சுப்ரீம் கோர்ட் வக்கீல் தொழில் நுகர்வோர் சட்டத்துக்குள்ள வராதுன்னு சொல்லிட்டதால இப்ப அந்தப் பாதை அடைஞ்சு போச்சு. 883 நாளே மன்னிச்சாங்களே, நமக்கு 79 தானேன்னு மெத்தனமா இருக்காதீங்க, ஒரு வாரத் தாமதத்துக்கு வாயே திறக்காம நின்னு மனு தள்ளுபடி ஆனதையும் பார்த்திருக்கேன்.

தாமத மனுவுல ஒரு சின்ன டெக்னிக்: மொத்தத்தையும் "குடும்பச் சூழ்நிலை"ன்னு ஒரே வார்த்தையில மூடாதீங்க. எப்போ தெரிய வந்தது, யார் சொல்லி, அதுக்கப்புறம் எந்தத் தேதியில வக்கீலைப் பார்த்தீங்க, எப்போ மனு தயாராச்சு, இப்படித் தேதி தேதியா எழுதினா ஒரு நாளுக்கு ஒரு காரணம்னு கேக்கற அளவுக்கு யாரும் போக மாட்டாங்க.

நாலாவது: ஃபைல் பண்ணினப்புறம் தூங்கிடாதீங்க

மனு கொடுத்த உடனே நம்பர் ஆயிடாது. செக்ஷன்ல சரி பார்த்து குறை இருந்தா ரிட்டர்ன் போடுவாங்க, அதுல கொடுத்த நாளுக்குள்ள சரி பண்ணி ரீபிரசென்ட் பண்ணணும், இல்லன்னா அதுக்கு ஒரு தாமத மனு, மனுவுக்கு மனு குட்டி போட்டுக்கிட்டே போகும். வக்கீலை மாத்தறீங்கன்னா பழைய வக்கீல் கிட்ட நோ அப்ஜெக்ஷன் வாங்கி சேஞ்ச் ஆஃப் வக்காலத்து போடறது இந்த நேரத்துல முடிச்சுக்க வேண்டிய வேலை.

நம்பர் ஆனதும் எதிர் தரப்புக்கு நோட்டீஸ் போகும். ரூல் 9-ல நோட்டீஸ் கொடுக்காம ஆர்டர் போட முடியாது. மறுபடியும் பேட்டா! இந்தத் தடவையாவது கட்டின ரசீதை வாங்கி நீங்களே வெச்சுக்கோங்க. அவங்க கவுன்டர் போடுவாங்க, ஆர்க்யூமென்ட் நடக்கும், பெரும்பாலும் "இவ்வளவு ரூபாய் காஸ்ட் கட்டு, இந்தத் தேதிக்குள்ள"ன்னு கண்டிஷனோட அலவ் பண்ணுவாங்க. அந்தக் கண்டிஷன்ல கடைசியா ஒரு வரி இருக்கும், கட்டத் தவறினா மனு தானாவே தள்ளுபடின்னு. அதைப் படிக்காம விட்டு, ஜெயிச்சுட்டோம்னு ஸ்வீட் வாங்கிக் கொடுத்துட்டு, காஸ்ட் கட்டாம விட்டு மறுபடி எங்க கிட்டயே வந்தவர் ஒருத்தர் இருக்கார். எதிர் வக்கீல் காஸ்ட் வாங்க மறுத்தா கோர்ட்ல டெபாசிட் பண்ண அனுமதி கேளுங்க, கட்டிட்டா அன்னைக்கே மெமோ போட்டு ரெக்கார்டுல ஏத்துங்க.

மனுவைத் தள்ளிட்டாங்கன்னா, ரூல் 9 மனுவுக்கு ஆர்டர் 43 ரூல் 1(சி)-ல மேல் கோர்ட்ல அப்பீல் உண்டு, சி.எம்.ஏ.ன்னு சொல்வாங்க. ரூல் 4 மனு அந்தப் பட்டியல்ல இல்லாததால அதுக்கு ஹைகோர்ட்ல சிவில் ரிவிஷன் தான்.

இதே கணக்கு எல்லா கேஸுக்கும் இல்ல

அப்பீல் டிஃபால்ட்ல போனா ஆர்டர் 41 ரூல் 19, அதே 30 நாள். நீங்க வராதப்ப அப்பீலை மெரிட்ஸ்ல (வழக்கோட நியாயத்துக்குள்ள போய்) தள்ளக் கூடாதுன்னு ரூல் 17-ல விளக்கம் இருக்கு, அப்படித் தள்ளியிருந்தா அதையே ஒரு பாயின்ட்டா எடுக்கலாம்.

ஈ.பி.ன்னா (டிக்ரியை நிறைவேத்தச் சொல்லிப் போடற மனு) உஷாரா இருங்க. ஆர்டர் 21-ல வர்ற மனுக்களை செக்ஷன் 5-ல இருந்தே சட்டம் வெளிய வெச்சிருக்கு, அதனால ரூல் 106-ல இருக்கற 30 நாளை கடைசிக் கெடுன்னே நினைச்சு நடந்துக்கோங்க. ஒரு ஆறுதல், டிக்ரி ஆகி 12 வருஷம் முடியலன்னா புதுசா ஈ.பி. போட்டுக்கலாம்.

செக் பவுன்ஸ் கேஸ் தான் ரொம்ப மோசம். புகார் கொடுத்தவர் வரலன்னா அங்க தள்ளுபடி இல்ல, எதிரி விடுதலை. 2024 ஜூலை 1-ல இருந்து வந்த புது கிரிமினல் நடைமுறைச் சட்டத்துல (பி.என்.எஸ்.எஸ். செக்ஷன் 279) புகார்தாரருக்கு ஆஜராக 30 நாள் டைம் கொடுத்துட்டு தான் விடுதலை பண்ணணும்னு சேர்த்திருக்காங்க, ஆனா விடுதலை ஆயிட்டா அதே மாஜிஸ்ட்ரேட் கிட்ட ரெஸ்டோரேஷன் கிடையாது, அப்பீல் தான். செக் கேஸ்ல பணம் வர வேண்டியவரும் பாதிக்கப்பட்டவர்தான், ஹைகோர்ட்ல ஸ்பெஷல் லீவ் (தனி அனுமதி) வாங்காமலே செஷன்ஸ் கோர்ட்ல அப்பீல் போடலாம்னு 2025-ல சுப்ரீம் கோர்ட் சொன்னது பெரிய நிம்மதி. நுகர்வோர் கேஸும் இதே ஜாதி, மாவட்ட ஆணையத்துக்குத் தன் தள்ளுபடியைத் தானே ரத்து பண்ற அதிகாரம் இல்ல, 45 நாளுக்குள்ள மாநில ஆணையத்துக்கு அப்பீல் போகணும். தண்டனை ஆன கிரிமினல் அப்பீல் மட்டும் விதிவிலக்கு, வக்கீல் வரலைங்கற ஒரே காரணத்துக்காக அதைத் தள்ளக் கூடாது, ரெக்கார்டைப் படிச்சுத்தான் முடிவு பண்ணணும்னு 1996-லயே தீர்ப்பு இருக்கு.

கடைசியா: கேஸ் ஃபைலுக்கு வந்தாச்சு, அப்புறம்?

பழைய ஓ.எஸ். நம்பர்லயே (அசல் வழக்கு நம்பர்) கேஸ் திரும்ப வந்திருக்கான்னு ஆப்ல பாருங்க, ஐ.ஏ. (நீங்க போட்ட ரெஸ்டோரேஷன் மனு) அலவ் ஆகியும் மெயின் கேஸ் கட்டு ரெக்கார்டு ரூம்லயே கிடக்கறது உண்டு, பெஞ்ச் கிளார்க் கிட்ட கேட்டு அடுத்த வாய்தா தேதியை வாங்கிடுங்க. உங்களுக்கு இன்ஜங்ஷன் (தடை உத்தரவு) இருந்திருந்தா, கேஸ் தள்ளுபடி ஆன அன்னைக்கே அதுவும் விழுந்திருக்கும். ரெஸ்டோர் ஆனா அதுவும் உயிர் பெறும்னு 2004-ல சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கு, கோர்ட் வேற மாதிரி குறிப்பா சொல்லலன்னா. ஆனா நடுவுல இருந்த மாசங்கள்ல எதிர் பார்ட்டி சுவர் எழுப்பிட்டாலோ சொத்தை வித்துட்டாலோ, அப்ப இன்ஜங்ஷன் இல்லையேன்னு சொல்லுவார், அதனால ரெஸ்டோரேஷன் மனு போடறப்பவே கூட ஒரு இடைக்கால மனுவும் போட முடியுமான்னு வக்கீலைக் கேளுங்க. தீர்ப்புக்கு முன்னாடியே சொத்தை ஜப்தி பண்ணி வெச்சிருந்தீங்கன்னா அது வேற கதை, ஆர்டர் 38 ரூல் 11ஏ படி கேஸ் திரும்ப வந்ததால மட்டும் அந்த ஜப்தி திரும்ப வராது, அதுக்குப் புதுசா மனு போட்டாகணும், கேஸ் ஃபைலுக்கு வந்த அன்னைக்கே.